மாறிய உணர்வுநிலைகள், இலங்கைத் திரையில்

இயல்பான விழிப்பிலிருந்து மனம் விலகி நிற்கும் நிலைகளைத் திரைப்படம் எவ்வாறு காட்டியது என்பதை, இலங்கையோடு தொடர்புடைய படங்களை முதன்மையாகக் கொண்டு இக்கட்டுரை தொகுக்கிறது. உரு ஆடுதல், மருள், மருந்து தரும் மாயக்காட்சி, அறிதுயில், ஆழ்ந்த தியானம் ஆகியவை இதில் அடங்கும். இவற்றை இரண்டு விதமாகப் படமாக்கலாம். உரு ஆடுபவரைச் சுற்றி நிற்கும் கூட்டத்தில் ஒருவராகக் கமராவும் நிற்கலாம். அல்லது ஆடுபவரின் கண்ணுக்குள் புகுந்து அவர் காண்பதைக் காட்டலாம். இலங்கை மண்ணில் எடுக்கப்பட்ட படங்கள் பெரும்பாலும் முதல் வழியிலேயே சென்றன. இரண்டாம் வழியில் உலகறிந்த படமொன்றின் கதையை எழுதியவர்களில் ஒருவரோ கொழும்பில் குடியிருந்தவர்.

தொடக்ககாலம்

இத்துறையில் வழக்கமாக முதலில் பேசப்படுவது பேசில் ரைட் 1934இல் எடுத்த 'சோங் ஒஃப் சிலோன்' ஆவணப்படம். இலங்கைத் தேயிலைப் பிரசார சபை பணம் கொடுக்க, ஜோன் கிரியர்சன் தயாரித்தார். இருளில் அசையும் ஓலைகளோடு தொடங்கும் படம், சற்று நேரத்தில் முகமூடி அணிந்த பேயாட்டக்காரர்களிடம் வந்து சேர்கிறது. பின்னணி வாசகம் கண்டி இராச்சியத்தில் சிறையிருந்த ரொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுக்கப்பட்டது. பதினேழாம் நூற்றாண்டு ஐரோப்பியர் ஒருவரின் அச்சமும் வியப்பும் அந்தக் காட்சிகளின் மேல் படிவது இதனால்தான். வாசகத்தைப் படித்தவர் கொழும்பைச் சேர்ந்த பியானோக் கலைஞரும் ஒளிப்படக்காரருமான லயனல் வென்ட். உணர்ச்சியை வெளிக்காட்டாமல், சொற்களை ஒவ்வொன்றாக எடுத்துவைப்பதுபோல ஒலிக்கும் அவருடைய குரலுக்காகவே இப்படத்தை ஒருமுறை கேட்கலாம். படத்தில் பறவைகள் எழுந்து பறக்கும் காட்சியை, ஏன் எடுக்கிறோம் என்று தெரியாமலே ஓர் உள்ளுந்துதலால் ரைட் எடுத்தார் என்றும் சொல்லப்படுகிறது. 1935இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் படம் முதற்பரிசு பெற்றது.

லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ' (1956) குணமாக்கும் கைகளைப் பற்றிய கதை. பொய்க்கால் வித்தைக்காரன் ஒருவன் ஒரு சிறுவனின் எதிர்காலத்தைச் சொல்லிச் செல்கிறான். பார்வையிழந்த தோழியின் கண்களைச் சிறுவன் தொட, பார்வை திரும்புகிறது. ஊர் அதை அற்புதம் என்று கொண்டாடி, பின்னர் அதே ஊர் வறட்சிக்கும் அவனையே காரணமாக்குகிறது. நடந்தது அற்புதமா தற்செயலா என்பதைப் படம் தீர்த்து வைப்பதில்லை. இது 1957இல் கான் விழாவின் போட்டிப் பிரிவில் காட்டப்பட்டது.

கிளார்க், வில்சன், '2001'

ஆங்கில எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க் 1956இல் இலங்கைக்குக் குடிவந்தார். அவரை இங்கே இழுத்தது கடல். எடையற்ற நிலையைப் பூமியில் உணர்வதற்கு மிக அண்மையான வழி கடலுக்குள் மூழ்குவதுதான் என்று அவர் திரும்பத் திரும்ப எழுதினார். திருகோணமலைக் கடலடியில் அவர் பெற்ற அந்த அனுபவம் பின்னாளில் அவருடைய விண்வெளிக் காட்சிகளில் எவ்வளவு கலந்தது என்று அறுதியிட்டுச் சொல்வதற்கில்லை. கலந்திராது என்று சொல்வது அதைவிடக் கடினம்.

கிளார்க்கோடு வந்தவர் மைக் வில்சன். சுழியோடியும் நீரடி ஒளிப்படக்காரருமான இவர், முதலாவது சிங்கள வர்ணப்படம் எனப்படும் 'ரன்முத்து தூவ'வை (1962) நெறிப்படுத்தினார். 'ரேகாவ'வில் பொய்க்கால் வித்தைக்காரனாக நடித்த சேஷா பலிஹக்கார இதன் தயாரிப்பாளர்களில் ஒருவர், கிளார்க்கும் துணைநின்றார். காமினி பொன்சேகா நடித்த இப்படத்தின் நீரடிக் காட்சிகள் திருகோணமலைக் கடலில் எடுக்கப்பட்டவை. போர்த்துக்கேயர் இடித்துத் தள்ளிய கோணேசர் கோயிலின் எச்சங்களை வில்சனும் கிளார்க்கும் அங்கே கடலடியில் கண்டிருந்தனர். சுயம்புலிங்கம் ஒன்றை வில்சனே மீட்டார் என்று சிலர் எழுதியுள்ளனர். எந்த ஆண்டு, எந்தச் சூழலில் என்பதில் கூற்றுகள் ஒன்றுக்கொன்று ஒத்துவரவில்லை. ஐயமின்றித் தெரிவது ஒன்று: வில்சன் பிற்காலத்தில் திரைத்தொழிலைத் துறந்து, கதிர்காமக் கந்தனின் அடியாராகி, சுவாமி சிவ கல்கி என்ற பெயரில் வாழ்ந்தார். தாமே இப்படியொரு மாற்றத்துக்கு ஆளான அவர் அதைப் படமாக்கியிருந்தால் இக்கட்டுரையின் நடுப்பகுதி வேறாக அமைந்திருக்கும்.

கிளார்க் 1964இல் நியூயோர்க்கில் ஸ்டான்லி குப்ரிக்கைச் சந்தித்ததன் விளைவு '2001: எ ஸ்பேஸ் ஒடிசி'. 1968 ஏப்ரலில் வெளியான இப்படத்தின் இறுதிப்பகுதியில், விண்வெளி வீரன் போமன் ஒளிச்சுவர்களுக்கு இடையே அளவிறந்த வேகத்தில் இழுத்துச் செல்லப்படுகிறான். வசனம் ஒன்றும் இல்லை. உறைந்த முகம், நிறம் மாறிய கண், மீண்டும் ஒளி. இருபதுகளின் நடுவில் இருந்த டக்ளஸ் ட்ரம்பல் இதற்காக அமைத்த பொறி எளிய தத்துவத்தில் இயங்கியது. கறுப்புத் தகடு ஒன்றில் மெல்லிய பிளவு; அதன் பின்னால் ஒளியூட்டப்பட்ட ஓவியங்கள் நகரும்; முன்னால் கமரா தன் மூடியைத் திறந்து வைத்தபடியே பிளவை நோக்கி மெல்ல நெருங்கும். அந்த நேரம் முழுவதும் ஒரே சட்டகத்தில் ஒளி இழுபட்டுப் பதியும். இப்படிச் சட்டகம் சட்டகமாகச் சேர்த்தே அந்த வேகம் உண்டாக்கப்பட்டது. திரையில் மின்னலாகப் பாயும் ஒவ்வொரு கணத்துக்கும் பின்னால் நெடுநேரப் பொறுமை இருக்கிறது.

மூத்த விமர்சகர்கள் பலர் முதலில் முகஞ்சுளித்தனர். இளைஞர்களோ முன்வரிசைகளில் இடம்பிடித்துத் திரும்பத் திரும்பப் பார்த்தனர். அவர்களிற் பலர் எல்.எஸ்.டி. அருந்திவிட்டு வந்தனர் என்பது அக்காலத்தைப் பற்றிப் பரவலாக எழுதப்பட்டது. எம்.ஜி.எம். நிறுவனம் இதைப் புரிந்துகொண்டு, போதைப் 'பயணம்' என்ற பொருளும் தொனிக்கும் விளம்பர வாசகத்தோடு புதிய சுவரொட்டிகளை அச்சிட்டது. ஆயினும் படைத்தவர்கள் இருவரும் அந்தப் பொருளில் எடுத்ததாகக் கொள்ள இடமில்லை. கிளார்க்கின் நாவலில் அந்தப் பாதை வேற்றறிவு ஒன்று அமைத்த போக்குவரத்து வழி; கனவோ போதையோ அல்ல. போதைமருந்து கலைஞனின் தீர்ப்புத்திறனைக் குலைத்துவிடும் என்ற கருத்தை குப்ரிக் 1968இல் ஒரு செவ்வியில் தெரிவித்தார். பார்வையாளர் கண்டது படைத்தவர்கள் நினைத்ததிலிருந்து இவ்வளவு தொலைவு விலகியும் இரு தரப்புக்கும் படம் பொருந்தி நின்றதே இப்பகுதியின் தனிச்சிறப்பு.

எல்.எஸ்.டி.யின் தாக்கத்தை அல்பேர்ட் ஹொஃப்மன் 1943இல் கண்டறிந்த சாண்டோஸ் மருந்து நிறுவனத்தின் திரைப்படப் பிரிவும் '2001'க்கு முன்னரே மாயக்காட்சியைப் படமாக்க ஒரு முயற்சி செய்திருந்தது. கவிஞர் ஆன்ரி மிஷோவும் எரிக் டுவிவியேயும் மெஸ்கலின், கஞ்சா ஆகியவற்றின் மாயக்காட்சிகளை 1963இல் அங்கே குறும்படமாக்கினர். தான் உள்ளே கண்டதற்குப் படம் ஈடாகாது என்பதே மிஷோவின் எண்ணம். ரொஜர் கோர்மன் 1967இல் எடுத்த 'த ட்ரிப்', கென் ரசல் 1980இல் எடுத்த 'ஆல்டேர்ட் ஸ்டேற்ஸ்' ஆகியவை பின்னாளைய எடுத்துக்காட்டுகள். பின்னது, புலன்களை மூடும் நீர்த்தொட்டியில் தன்னையே ஆய்வுப்பொருளாக்கும் விஞ்ஞானியின் கதை.

கிளார்க் 1980களின் தொடக்கத்தில் வெளியான லெஸ்டரின் 'பெத்தேகம'வில் எழுத்தாளர் லெனாட் வூல்ஃபின் வேடமேற்று நடித்தார். 2008 மார்ச் 19இல் கொழும்பில் காலமானார். பொரளை கனத்தை மயானத்தில் அவரது கல்லறை உள்ளது.

கதிர்காமம்

கிரனாடா தொலைக்காட்சி 1973இல் ஒளிபரப்பிய 'கதரகம: எ கோட் ஃபோர் ஓல் சீசன்ஸ்' ஆவணப்படத்தை சார்லி நெயர்ன் நெறிப்படுத்தினார், மானிடவியலாளர் கணநாத் ஒபயசேகர உடனிருந்தார். காணாமற்போன மகனைத் தேடும் பெற்றோர் தெய்வ வாக்கை நாடிச் செல்வது இதன் இழை. உருவேறியவரைக் கமரா வெளியே நின்றுதான் பார்க்கிறது. ஆனால் வேடிக்கை பார்ப்பவரின் இடத்திலிருந்து அல்ல, வாக்குக்காகக் காத்திருப்பவரின் பக்கத்திலிருந்து பார்க்கிறது. இந்தச் சிறு இடமாற்றம் படத்தை முற்றிலும் வேறாக்கிவிடுகிறது. கதிர்காமத்தில் உருவேறும் பெண்களின் வாழ்க்கையை அவர்கள் வாயாலேயே சொல்லவைத்த ஒபயசேகரவின் 'மெடுசாஸ் ஹெயார்' (1981) என்ற நூலுக்கு நிகரான படம் இன்னும் தேவையாகவே இருக்கிறது.

1983உம் அதன் பின்னரும்

ஸ்டீவன் ஸ்பீல்பேர்க்கின் 'இண்டியானா ஜோன்ஸ் அன்ட் த டெம்பிள் ஒஃப் டூம்' (1984) கதைப்படி இந்தியாவில் நடப்பது. திரைக்கதையில் இந்திய அரசு கேட்ட மாற்றங்களை ஏற்காமல், 1983 ஏப்ரலில் குழு கண்டிக்கு வந்தது. விக்டோரியா அணைக்கட்டு வேலைத்தளத்துக்கு அருகே புகழ்பெற்ற தொங்குபாலம் கட்டப்பட்டது. கதாநாயகனுக்கு இரத்தம் புகட்டி அவனைக் 'காளியின் கருந்துயிலில்' ஆழ்த்தும் காட்சி இங்கிலாந்துக் கலையகத்தில் எடுக்கப்பட்டது. அம்மன் வழிபாட்டில் உருவேறுதல் என்பதற்கும் இதற்கும் எவ்வித உறவும் இல்லை. காளிகோயில் வாசலில் வளர்ந்த பிள்ளைகள் பலர் உலகின் கண்ணில் தங்கள் தெய்வத்தை இப்படித்தான் காண நேர்ந்தது. படத்தில் நிலைத்து நிற்பவர் கிராமத்துப் பூசாரியாக வந்த டி. ஆர். நாணயக்கார. 'ரேகாவ'விலும் நடித்த இவர், கமராவுக்குப் பின்னாலிருந்து ஸ்பீல்பேர்க் சொல்லச் சொல்ல ஆங்கில வசனத்தை ஒலிப்படியே திருப்பிச் சொன்னார் என்பர். அந்த இடைவெளிகளே பேச்சுக்குக் கனம் தந்தன.

1983 ஜூலையில் தமிழருக்கு எதிராக நடந்த வன்செயலில், திரைப்படத் தயாரிப்பாளர் கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா கலையகம் எரிக்கப்பட்டு, பல படங்களின் மூலச்சுருள்கள் அழிந்தன. அதற்கு முந்திய உள்ளூர்ப் படங்களில் இப்பொருள் எந்தளவு இடம்பெற்றது என்பதற்கு முழுமையான சான்று அதனால் இல்லை.

தீபா மேத்தா கொழும்பில் 2011இல் படமாக்கிய 'மிட்நைட்ஸ் சில்ட்ரன்', ஒரு சிறுவனின் தலைக்குள் கூடும் குழந்தைகளின் குரல்களைக் காட்சியாக்கியது.

இந்திய, தமிழ்ப் படங்கள்

இந்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷனில் பிரமோத் பதி எடுத்த 'எக்ஸ்ப்ளோரர்' (1968) விவரணையே இல்லாத, தலைசுற்ற வைக்கும் வெட்டுக்களால் ஆனது. ஓர் அரசுத் திணைக்களம் இதற்கு இடங்கொடுத்தது போற்றத்தக்கது. தேவ் ஆனந்தின் 'ஹரே ராமா ஹரே கிருஷ்ணா' (1971) காட்மண்டு ஹிப்பிகளின் போதையை வெளியே நின்று கண்டித்தது. அதன் பாடலோ போதையின் பக்கமே நின்றது. தமிழில் உட்பார்வைக்குத் துணிந்த பெரிய படம் கமல்ஹாசனின் 'தாயம்' நாவலைக் கொண்டு சுரேஷ் கிருஷ்ணா எடுத்த 'ஆளவந்தான்' (2001). மனநோயாளியான நந்துவின் மனத்துக்குள் செல்லும்போது வன்முறைக் கட்டங்கள் அனிமேஷனாக மாறுகின்றன.

அண்மைக்காலத்தில் சைக்கடெலிக் மருந்துகள் மறுபடியும் ஆய்வுகூடங்களுக்குள் வந்துள்ளன. மைக்கேல் பொலனின் நூலைத் தழுவிய நெட்ஃபிளிக்ஸ் தொடர் 2022இல் இதைப் பொதுமக்களிடம் கொண்டுசென்றது. அதே ஆண்டில் கன்னடப் படமான 'காந்தாரா' தெய்வமேறி ஆடும் துளுநாட்டுப் பூதக்கோலத்தைப் பெருந்திரைக்குக் கொண்டுவந்தது. லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' படத்தில், வேளாங்கண்ணியிலிருந்து திரும்பும் மலையாளி ஒருவர் பஸ்ஸில் உறங்கி எழுந்து, தமிழ்நாட்டுக் கிராமமொன்றில் காணாமற்போன சுந்தரமாக நடமாடுகிறார். நோய் என்றோ ஆவி என்றோ எந்த விளக்கத்தையும் படம் தருவதில்லை. அவருடைய மனத்துக்குள் புகவும் முயல்வதில்லை.