அந்தத் தூண் எந்த ஊர்த் தூண்?

போன வருஷம் வீட்டு ஹாலை மாற்றி அமைக்கலாம் என்று ஒரு இன்டீரியர் டிசைனரிடம் பேசினோம். அவர் கொடுத்த கொட்டேஷனில் ஒரு வரி: 'செட்டிநாட்டுப் பழைய பர்மா தேக்குத் தூண் - 2'. பக்கத்திலேயே ஒரு பச்சை இலைப் படம். "புதுசா ஒரு மரம்கூட வெட்டல சார், முழுக்க சஸ்டெயினபிள்" என்றார். வீட்டம்மாவுக்குத் தூண் பிடித்துவிட்டது. எனக்கு அந்த இலைதான் உறுத்திக்கொண்டே இருந்தது. தேட ஆரம்பித்தேன்.

முதலில் மரம். பச்சைத் தேக்கு தண்ணீரில் மிதக்காது. அதனால் பர்மாக் காட்டில் மரத்தைச் சுற்றிப் பட்டையை ஆழமாக வெட்டிவிட்டு, நின்ற நிலையிலேயே சாகவும் காயவும் இரண்டு மூன்று வருஷம் விட்டுவிடுவார்கள். பிறகு வெட்டி, யானையை வைத்து ஓடைவரை இழுத்து, மழைவெள்ளம் வரும்வரை காத்திருந்து, ஆற்றோடு மிதக்கவிட்டு ரங்கூன் சேர்ப்பார்கள். வெட்டின இடத்திலிருந்து துறைமுகம் வர வருஷக்கணக்கில் ஆகும். நம் காலத்து பதினைந்து நாள் மாடுலர் கிச்சனை நினைத்துக்கொண்டேன்.

1856-இல் டீட்ரிச் பிராண்டிஸ் என்ற ஜெர்மானியர் பெகு காடுகளுக்குப் பொறுப்பேற்றார். குறிப்பிட்ட சுற்றளவுக்கு மேல் வளர்ந்ததை மட்டும் வெட்டு, மிச்சத்தை அடுத்த சுற்றுக்கு விடு என்று கணக்குப் போட்டார். காட்டை இப்படி நிதானமாகப் பயன்படுத்தும் முறையில் அது பெரிய அடி. ஆனால் யாருக்காக? கப்பல் கட்டவும் ரயில்பாதைக்கும் மரம் தொடர்ந்து வேண்டும், அதற்காக! காட்டை நம்பி வாழ்ந்தவர்களுக்குக் காடு அந்நியமானதும் இதே ஏற்பாட்டில்தான்.

1885-இல் பம்பாய் பர்மா டிரேடிங் கார்ப்பரேஷன் தேக்கு எடுத்ததில் மோசடி செய்தது என்று சொல்லி, மன்னர் திபோவின் அரசவை அதற்குப் பெரிய அபராதம் போட்டது. பிரிட்டிஷார் அதையே சாக்காக வைத்துப் படையெடுத்தார்கள். நவம்பர் முடிவதற்குள் மண்டலே விழுந்தது. மன்னரை ரத்னகிரிக்குக் கொண்டுபோய் வைத்தார்கள். தேக்கு விஷயத்தில் ஒரு ராஜ்யமே போயிருக்கிறது. (இதைச் சொன்னபோது டிசைனர் "அப்படியா சார்" என்றதோடு சரி.)

நகரத்தார் வந்தது நெல் வழியாக. 1852 போருக்குப் பிறகு கீழ் பர்மா பிரிட்டிஷார் கைக்குப் போக, ஐராவதி டெல்டாவில் காட்டை அழித்து வயல் ஆக்கினார்கள். விவசாயிக்குக் கடன் கொடுத்தவர்கள் பெரும்பாலும் செட்டியார்கள். அந்த வரும்படியில்தான் காரைக்குடி, கானாடுகாத்தான், தேவகோட்டை வீடுகள் எழுந்தன. முகப்பில் பர்மா தேக்குத் தூண், தரையில் இத்தாலி சலவைக்கல், சுவரில் பெல்ஜியம் கண்ணாடி. 1930-களில் நெல் விலை சரிந்தபோது கடன் திரும்பவில்லை, நிலம்தான் வந்தது. 1930-இல் கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் சுமார் 6 சதவீதமாக இருந்த அவர்களது நிலம், 1937 வாக்கில் சுமார் 25 சதவீதம் ஆகிவிட்டது. பர்மியருக்கு அது எப்படி வலித்திருக்கும் என்று நம் ஊரில் அதிகம் பேசுவதில்லை. 1942-இல் ஜப்பான் படை வந்தது. 1960-களில் ராணுவ அரசு மிச்சத்தையும் எடுத்துக்கொண்டது.

வீடுகள் மட்டும் இங்கே நின்றன, பங்காளிகளோடு. ஒரு வீட்டுக்குப் பல புள்ளிகள், ஆளுக்கொரு ஊர். ஓடு மாற்றக்கூட எல்லோரும் கையெழுத்துப் போட வேண்டும். மழை யார் கையெழுத்துக்கும் காத்திருக்காதில்லையா? கடைசியில் எல்லோரும் ஒத்துப்போவது பெரும்பாலும் ஒரே விஷயத்தில்தான்: பிரித்து விற்றுவிடலாம்.

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுக்குப் போய்ப் பார்த்தேன். எனாமல் பாத்திரம், ஜாடி, கண்ணாடி எல்லாம் அடுக்கியிருக்கிறது. ஒரு கடையின் பின்கட்டில் கஜலட்சுமி செதுக்கிய நிலை ஒன்று சுவரில் சாய்ந்திருந்தது, வைத்த குங்குமம்கூட அழியாமல். மரத்தைக் கன அடிக் கணக்கில் விலை பேசுகிறார்கள். 2014-இல் மியான்மர் உருட்டுமர ஏற்றுமதியைத் தடை செய்த பிறகு இந்தப் பழைய மரத்துக்கு மதிப்பு இன்னும் கூடியிருக்கும் என்று யாரும் சொல்லாமலே புரிகிறது.

டிசைனர் சொன்னதில் உண்மை இருக்கிறது. காய்ந்த மரத்தின் எடையில் ஏறக்குறைய பாதி கார்பன். எரித்தாலோ மக்கினாலோ அது காற்றில் கலக்கும், தூணாக நின்றால் கலக்காது. இடிந்து விழுந்த வீட்டின் தூணை எடுத்துப் போடுவது புண்ணியம்தான். ஆனால் நிற்கிற வீட்டைத் தூணுக்காகப் பிரித்தால்? முட்டை வெள்ளைக்கருவும் கடுக்காயும் சேர்த்து இழைத்த சுண்ணாம்புப் பூச்சைக் கழற்றிக்கொண்டு போக முடியாது. மழைநீரையும் வெளிச்சத்தையும் உள்ளே வாங்குகிற வளவையும் லாரியில் ஏற்ற முடியாது. அவை கட்டட இடிபாடாகக் குழிக்குத்தான் போகும். அப்புறம் ஏசி போட்ட ஒரு ஹாலில் தூண் மட்டும் எதையும் தாங்காமல் நிற்கும். இதற்கும் அதே பச்சை இலைதான்!

தரைக்கு ஆத்தங்குடிக் கல் சொல்லிவிட்டோம். கண்ணாடித் தகட்டில் கலர் ஊற்றி, உள்ளூர் மணலும் சிமெண்டும் போட்டு, தண்ணீரில் ஊறவைத்து எடுக்கிறார்கள். சூளை கிடையாது. சிமெண்ட் இருக்கிறது, அதனால் அதற்கும் இலைப் படம் ஒட்ட மாட்டேன். ஆனால் செய்கிறவர்கள் இன்றைக்கும் அந்த ஊரில் இருக்கிறார்கள், போனால் பார்க்கலாம்.

தூணுக்கு ஒரே ஒரு நிபந்தனை போட்டேன். எந்த ஊர், எந்த வீடு, பிரித்தபோது அந்த வீடு எந்த நிலையில் இருந்தது? "கேட்டுச் சொல்றேன் சார்" என்றார். நாலு மாசம் ஆச்சு. ஹாலில் தூண் வரவேண்டிய இடத்தில் இப்போதைக்கு ஒரு துளசித் தொட்டி இருக்கிறது.