வள்ளியாக வந்தவர்

மீமிசல் வட்டாரத்துத் திருவிழாக்களில் ‘வள்ளி திருமணம்’ நாடகத்தை விடிய விடியக் கண்டு மகிழ்ந்த இரவுகள் நமக்கு உண்டு. சங்கரதாஸ் சுவாமிகள் (1867-1922) இயற்றிய அந்நாடகத்தில், தினைப்புனம் காக்கும் வள்ளி ஆர்மோனியத்துக்கு இணையாகப் பாட வேண்டும். நாரதரோடு தர்க்கமும் புரிய வேண்டும். பொழுது புலர்ந்ததும் மேடை பிரிக்கப்படும். வள்ளியாக வந்த பெண்ணின் பெயரைக் கேட்டறிந்து வீடு திரும்பியவர் நம்முள் எத்தனை பேர்?

1933-இல் அக்கதை பேசும் படமாக வந்தபோது வள்ளியாக நடித்தவர் டி.பி. இராஜலட்சுமி. 1911-இல் சாலியமங்கலத்தில் பிறந்தவர். சிறுமியாக இருந்தபோதே மணமுடிக்கப்பட்டு, அவ்வாழ்வு நிலைக்காமல் தாய்வீடு திரும்பினார். தந்தையும் மறைந்தபின், வறுமை அவரைத் திருச்சியில் சாமண்ணா ஐயரின் நாடகக் குழுவுக்கு அழைத்துச் சென்றது. பெண் மேடையேறுவதை இழிவென்று கருதிய காலம் அது. இரவில் அவர் பாட்டுக்குக் கைதட்டிய சமூகமே, பகலில் அவர் தொழிலை ஏளனம் செய்தது.

1931 அக்டோபர் 31-இல் சென்னை கினிமா சென்ட்ரல் அரங்கில் ‘காளிதாஸ்’ திரையிடப்பட்டது. பம்பாயில் எச்.எம். ரெட்டி இயக்கிய அப்படத்தில் நாயகி இராஜலட்சுமி தமிழ் பேச, நாயகன் தெலுங்கு பேசினார். கதைக்குத் தொடர்பில்லாத போதிலும், காந்தியடிகளின் இராட்டையைப் போற்றும் பாடலொன்றும் அதில் இடம்பெற்றது. மேடையில் விடுதலைப் பாடல்களைப் பாடி வந்தவருக்கு அது புதிதன்று.

1936-இல் ‘மிஸ் கமலா’ படத்தின் கதையைத் தாமே எழுதித் தயாரித்து, இயக்கி, நடிக்கவும் செய்தார். பம்பாயில் பாத்திமா பேகம் 1926-லேயே படம் இயக்கியிருந்தார். தென்னாட்டில் அவ்வழியைத் திறந்தவர் இராஜலட்சுமியே. 1964-இல் அவர் மறைந்தார்.

இன்று ‘காளிதாஸ்’ படத்தின் சுருள் நமக்குக் கிடைப்பதில்லை. ‘மிஸ் கமலா’வும் அவ்வாறே. அக்கால நைட்ரேட் படச்சுருள்கள் எளிதில் தீப்பற்றும்; காலப்போக்கில் தாமாகவே சிதையும். அவற்றிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுக்க உருக்கப்பட்டவையும் பல. போற்றிக் காக்கத்தக்க பொருளென்று அன்று எவரும் எண்ணவில்லை. ஒரு பெண் தானே சிந்தித்து, தானே இயக்கி, நமக்குச் சொல்ல விரும்பியதை அவ்வாறு இழந்தோம். எஞ்சியவை சில நிழற்படங்களும் பாட்டுப் புத்தகங்களும் பழைய விளம்பரங்களுமே.

இழப்பைச் சுருளின் மீது மட்டும் சுமத்துதல் நேர்மையாகுமா? கலையை விரும்பிய நாம் கலைஞரை மதிக்கத் தவறினோம். மதிக்காதவரின் படைப்பைக் காக்க நமக்கு எப்படித் தோன்றும்?

அடுத்த திருவிழாவிலும் இங்கே வள்ளி வருவாள். அவள் பாடி முடித்தபின் அருகே சென்று, ‘உங்கள் பெயர் என்னம்மா?’ என்று கேட்டு, அதைக் குறித்து வைப்போம். இராஜலட்சுமிக்கு நாம் பட்ட கடனில் ஒரு சிறு பகுதியேனும் அவ்வாறு தீரட்டும்.