ஒலியிலாப் படச்சுருளும் மீட்டுருவாக்கிய பேச்சும்

திரைப்படத்திற்காகப் பழைய படச்சுருள்களைத் தேடித் தொகுப்பதைக் காட்சி தேடும் பணியாகவே கருதுவர். அது மொழியாய்வுக்கும் உரியதாகும் என்பதற்குப் பீட்டர் ஜாக்சன் இயக்கி 2018-இல் வெளிவந்த 'தே ஷல் நாட் க்ரோ ஓல்ட்' என்னும் ஆவணப்படம் சான்றாகும்.

முதல் உலகப்போரின் (1914-1918) நூற்றாண்டு நினைவையொட்டி உருவான இப்படத்திற்கு, பிரித்தானிய இம்பீரியல் போர் அருங்காட்சியகம் தன் காப்பகத்திலிருந்து ஏறத்தாழ 100 மணிநேரப் படச்சுருள்களை வழங்கியது. அவை ஒலியற்றவை, கைப்பிடியைச் சுழற்றி எடுக்கப்பட்டமையால் சீரான வேகமும் அற்றவை. நொடிக்கு 24 சட்டகங்கள் என அவை ஒழுங்குபடுத்தப்பட்டபோது வீரர்களின் அசைவுகள் இயல்பாயின. இதழசைவைப் படிக்க வல்லோர் அவர்தம் சொற்களை உய்த்துணர்ந்தனர். சீருடைச் சின்னங்களால் படைப்பிரிவு அறியப்பட்டது. அப்பிரிவுக்குரிய வட்டாரத்தைச் சேர்ந்த நடிகர்கள் குரல் கொடுத்தனர். படத்தின் விவரிப்பாக ஒலிப்பவையோ, போரில் பங்குகொண்டோர் பல்லாண்டுகளுக்குப் பின் அளித்த நேர்காணல்கள்.

ஆகவே, இருவேறு தரத்துச் சான்றுகள் ஒரே திரையில் கலக்கின்றன. நேர்காணல், பேசியவரின் சொந்தக் குரல். இதழசைவிலிருந்து பெற்ற பேச்சோ, மொழிபெயர்ப்பைப் போன்றதொரு மீட்டுருவாக்கம். பகரமும் மகரமும் இதழில் ஒன்றுபோலவே தோன்றுவன. அங்குச் சொல்லைத் துணிவது சூழலே. இப்பேச்சை 1916-ஆம் ஆண்டின் வட்டார வழக்குக்குச் சான்றாகக் கொள்வோர், இன்றைய நடிகரின் ஒலிப்பையே ஆராய்ந்தோராவர். எனவே, ஒலியற்ற மூலச்சுருளைத் தனியே பேணுவதோடு, ஒவ்வொரு சொல்லும் எவ்வாறு துணியப்பட்டது என்னும் குறிப்பையும் உடன்வைத்துக் காத்தல் காப்பகங்களின் கடமையாகும்.