மராபார் குகைகள்

மராபார் குகைகள், ஆங்கில நாவலாசிரியர் இ. எம். ஃபார்ஸ்டர் 1924இல் வெளியிட்ட ‘எ பாசேஜ் டு இந்தியா’ நாவலில் வரும் கற்பனைக் குகைத்தொகுதி. சந்திரபூர் என்ற கற்பனை நகரிலிருந்து இருபது மைல் தொலைவில் இவை இருப்பதாகக் கதை சொல்கிறது. நாவலின் மூன்று பகுதிகளில் நடுப்பகுதியின் பெயரே ‘குகைகள்’. இலக்கியம் படைத்த குகைகளில் இவ்வளவு விவாதிக்கப்பட்டவை மிகக் குறைவு. அந்தப் புகழுக்குக் காரணம் அவற்றின் எதிரொலி.

எல்லாக் குகைகளுக்கும் அமைப்பு ஒன்றுதான். எட்டடி நீளம், ஐந்தடி உயரம், மூன்றடி அகலத்தில் ஒரு நுழைவழி. அதன் முடிவில் ஏறக்குறைய இருபதடி விட்டமுள்ள வட்ட அறை. சிற்பமோ அலங்காரமோ இல்லை. சுவர்கள் மட்டும் கண்ணாடிபோல் வழவழப்பானவை. உள்ளே தீக்குச்சி கிழித்தால் கல்லுக்குள்ளிருந்து இன்னொரு சுடர் எழுந்து வருவதுபோல் தோன்றும்.

இங்கே எந்த ஒலியை எழுப்பினாலும் திரும்பி வருவது ‘பூம்’ என்பதை ஒத்த ஒரே முழக்கம். பேச்சுக்கும் தும்மலுக்கும் காலணிச் சத்தத்துக்கும் ஒரே பதில். நெரிசலில் சிக்கி இதைக் கேட்கும் முதியவரான திருமதி மூர், அதன்பின் எதன்மீதும் பற்றில்லாதவராகிவிடுகிறார். அடெலா குவெஸ்டெட் என்ற இளம்பெண் குகையிலிருந்து பதறி ஓடிவர, மருத்துவர் அஜீஸ்மீது பழி விழுகிறது. அந்த முழக்கம் அவள் தலைக்குள்ளேயே தங்கிவிடுகிறது. நீதிமன்றத்தில் குற்றச்சாட்டை அவளே திரும்பப் பெற்ற பிறகுதான் அது ஓய்கிறது. குகையில் நடந்தது என்ன என்பதை ஃபார்ஸ்டர் கடைசிவரை சொல்லவில்லை.

இந்தக் கற்பனைக்கு மூலம் பீகாரில் கயைக்கு வடக்கே, ஜஹானாபாத் மாவட்டத்தில் உள்ள பராபர் குகைகள். ஃபார்ஸ்டர் 1913 ஜனவரியில் அவற்றை நேரில் பார்த்தார். நாவலில் வரும் காவா டோல் என்ற பெயரும் அங்கே உண்மையாகவே உள்ள ஒரு குன்றுடையது. அதன் உச்சியில் ஒரு பாறை இருந்ததாகவும், காகம் வந்து அமர்ந்தாலே அது ஆடும் என்றும் அவ்வூர் வழக்கு.

எல்லாவற்றையும் ஒரே ஒலியாக்கும் எதிரொலியைத் தத்துவக் குறியீடாக மட்டும் படிப்பது வழக்கம். அது போதாது. அதற்கு உறுதியான இயற்பியல் அடிப்படையும் உண்டு. மெருகேற்றிய கருங்கல், தன்மேல் படும் ஒலியில் நூற்றில் ஓரிரு பங்கைத்தான் உறிஞ்சும். மீதி சுவருக்குச் சுவர் பாய்ந்துகொண்டே இருக்கும். ஒப்பிட்டுப் பார்த்தால், எதிரொலிக்குப் பெயர்பெற்ற பீஜப்பூரின் கோல் கும்பாஸ் குவிமாடம் மிகப் பெரியது. சொன்ன சொல் சற்று இடைவெளிவிட்டுத் திரும்பி வருவதால் தனித்தனியே கேட்கிறது. இருபதடி அறையின் நடுவில் நின்று எழுப்பும் ஒலி சுவருக்குப் போய்த் திரும்ப ஒரு நொடியில் முப்பதில் ஒரு பங்கு நேரம்கூட ஆகாது. காதால் அதைப் பிரித்தறிய முடியாது. ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்து ஒரே முழக்கமாகிவிடும்.

அந்த முழக்கத்திலும் எல்லாம் சமமாக நீடிப்பதில்லை. ‘ச’, ‘த’ போன்ற எழுத்துகளின் கூர்மையைத் தருவது உயர் அதிர்வெண் ஒலி. காற்றும், வந்தவர்களின் உடையும் உடலும் அதை விரைவில் விழுங்கிவிடும். தாழ்ந்த ஒலி தங்கும். நம் இலக்கணச் சொல்லில் சொன்னால், மெய் கரைய உயிர் நிற்கிறது. வாய்மூடி ஒலிக்கும் ‘ம்’ தாழ்ந்த ஒலி என்பதால் அதுவும் கூடவே தங்கும். ஃபார்ஸ்டரின் ‘பூம்’ மிகைதான். ஆனால் மிகச் சரியான காது கேட்டெழுதிய மிகை.

உண்மைக் குகைகள் நாவலில் வருபவற்றைவிடப் பெரியவை. சுதாமா குகையில் வளைந்த கூரையுடைய நீள்சதுரக் கூடமும் அதையொட்டிக் குவிமாட வட்ட அறையும் உள்ளன. லோமாஸ் ரிஷி குகையின் முகப்பில், மரவேலையை அப்படியே கல்லில் பெயர்த்த வளைவும் அதன்கீழ் யானை வரிசையும் உண்டு. உட்பகுதி முடிக்கப்படாமல் நின்றுவிட்டது. 1984இல் டேவிட் லீன் இந்நாவலைப் படமாக்கியபோது பராபருக்குப் போகவில்லை. குகைக் காட்சிகளுக்குக் கர்நாடகத்தின் சாவனதுர்கா பாறைமலையைப் பயன்படுத்தினார்.

நாவல் ஒதுக்கிவைத்த ஒன்று, குகைகளைக் குடைவித்தவர்களின் கதை. என் பார்வையில் அது பெரிய இழப்பு. சுதாமா, விஸ்வகர்மா ஆகிய இரு குகைகளை அசோகர் தம் 12ஆம் ஆட்சியாண்டில் ஆசீவகத் துறவிகளுக்கு அளித்ததாகப் பிராமிக் கல்வெட்டுகள் கூறுகின்றன. அவர் பேரன் தசரதனும் அருகிலுள்ள நாகார்ஜுனி குன்றில் மூன்று குகைகளை அவர்களுக்கே கொடுத்தான். தமிழ் வாசகருக்கு அந்தத் துறவிகள் அந்நியரல்லர்: மணிமேகலையில் ஆசீவகர் தம் கொள்கையை எடுத்துரைக்கிறார், நீலகேசியில் ஆசீவகத்தோடு வாதிடத் தனிச் சருக்கமே இருக்கிறது.

இந்தக் குகைவாயில்களில் சிலவற்றின் எழுத்துகளை உற்றுப் பார்த்தால் ஒரு காயம் தெரியும். கல்வெட்டின் மற்றச் சொற்கள் படிக்கும்படி இருக்க, ‘ஆஜீவிக’ என்ற பெயரை மட்டும் யாரோ பின்னாளில் உளிகொண்டு கொத்தியிருக்கிறார்கள். கொத்திய பிறகும் அதைப் படிக்க முடிகிறது.