ஜெஜூ: மூங்கில் தெரிந்தால் அங்கே ஒரு வீடு இருந்தது

கே-டிராமா பார்க்கிறவங்களுக்கு ஜெஜூ தீவை நான் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. 2025-ல் வந்த 'வென் லைஃப் கிவ்ஸ் யூ டேஞ்சரின்ஸ்' பார்த்துட்டு அழாத ஆள் என் நண்பர்கள் வட்டத்துல யாருமே இல்லை. மஞ்சள் பூ வயல், கருப்புக் கல் சுவர், கடலுக்குள்ள மூச்சடக்கி மூழ்கிற அம்மா. அதைப் பார்த்துதான் நானும் டிக்கெட் போட்டேன். பொய் சொல்ல மாட்டேன்.

அங்கே போய் ஒரு நாள் டூர் எடுத்தேன். 'கிழக்கு ஜெஜூ, எரிமலையும் பண்பாடும்' அப்படிங்கிற மாதிரி ஒண்ணு. 12 பேர் உட்காரும் வேன், கையில் மைக்கோட ஒரு கெய்டு. ஐம்பது வயசு இருக்கும். எல்லாரையும் பேர் கேட்டு, ஆளுக்கு ரெண்டு ஆரஞ்சு கொடுத்து உட்கார வச்சாங்க. இந்த எபிசோட் அந்த ஒரு நாளைப் பத்தினது. அதுல மைக்கில் சொன்ன கதையும் இருக்கு, மைக்கை அணைச்ச பிறகு சொன்ன கதையும் இருக்கு.

முதல்ல தீவு. கொரியாவின் தெற்குக் கடலில், கிழக்கு மேற்காக 73 கிலோமீட்டர், வடக்கு தெற்காக 31 கிலோமீட்டர். நடுவில் ஹல்லாசான் மலை, 1,947 மீட்டர். அதைச் சுத்தி 360-க்கும் மேற்பட்ட குட்டிக் குட்டி எரிமலைக் குன்றுகள். இந்தக் குன்றுகளுக்கு ஜெஜூ மொழியில் 'ஓரும்'னு பேர். தீவு முழுக்க எரிமலைக் குழம்பு ஆறிக் கெட்டியான கல்தான். கருப்பா, ஸ்பாஞ்ச் மாதிரி ஓட்டை ஓட்டையா இருக்கும்.

இந்த ஓட்டைக் கல்லைக் கொஞ்சம் மனசில் வச்சுக்கோங்க, தீவோட பாதிக் கதை இதுக்குள்ளதான் இருக்கு. எவ்வளவு மழை பெஞ்சாலும் தண்ணி தேங்காது. சல்லடையில் ஊத்தின மாதிரி கீழே இறங்கி, கடற்கரையில்தான் ஊற்றா வெளியே வரும். தண்ணி நிக்காததால நெல் வயலுக்கு வழியே இல்லாத மாதிரிதான். தினை, வாற்கோதுமை சாப்பிட்டு வாழ்ந்த ஊர் இது. ஊற்றுத் தண்ணிக்காக ஊர்களெல்லாம் கடலோரத்தில் வரிசை கட்டின. பொண்ணுங்க முதுகில் கூடை கட்டி, அதுக்குள்ள மண்குடம் வச்சுத் தண்ணி சுமந்தாங்க. நம்ம ஊர்ல இடுப்பு, அங்கே முதுகு. மலைப் பக்கம் மேலே போனால் ஆடு மாடு மேய்க்கிற, குதிரை வளர்க்கிற ஊர்கள். 13-ஆம் நூற்றாண்டில் மங்கோலியர்கள் வந்து குதிரைப் பண்ணை போட்ட புல்வெளிகள் அவை.

எங்க முதல் நிறுத்தம் சொங்உப் என்ற பழைய ஊர். கல் சுவர், புல் கூரை. காத்து பிச்சுக்கிட்டுப் போகாமல் இருக்கக் கூரை மேல பிரி திரித்து வலை மாதிரி கட்டியிருக்காங்க. வீட்டுக்குக் கதவு கிடையாது. வாசலில் ரெண்டு கல் தூண், அதுல துளை, துளையில் செருக மூணு கழி. மூணும் கீழே கிடந்தால் வீட்டில் ஆள் இருக்கு, உள்ளே வரலாம். ஒண்ணு குறுக்கே இருந்தால் பக்கத்தில்தான் போயிருக்காங்க. ரெண்டுன்னா வர நேரமாகும். மூணும் இருந்தால் தூரப் பயணம். வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ்னு வேனில் யாரோ சொல்ல, எல்லாரும் சிரிச்சோம். கெய்டும் சிரிச்சாங்க. தினமும் யாராவது ஒருத்தர் அதையே சொல்வாங்க போல.

கல், காத்து, பொண்ணு, இந்த மூணும் ஜெஜூவில் அதிகம்னு ஒரு பழைய சொலவடை இருக்கு. கல்லும் காத்தும் சரி. பொண்ணு ஏன் அதிகம்னு ஒருத்தர் கேட்டார். "ஆண்கள் கடலில் செத்தாங்க"ன்னு மைக்கில் பதில் வந்தது. அது பொய் இல்லை, பாதி.

அடுத்து தரங்ஷி ஓரும். கடல் மட்டத்திலிருந்து 382 மீட்டர். ஓரும்களின் ராணின்னு இதைச் சொல்றாங்க. ஏறி நின்னால் உள்ளே 115 மீட்டர் ஆழத்துக்குப் பச்சைக் கிண்ணம் மாதிரி எரிமலை வாய். வெளிப் பக்கம் திரும்பினால் கல் சுவர் கோடு கோடா இழுத்த வயல்கள், தூரத்தில் கடல். போட்டோ எடுத்து முடிச்சுட்டு இறங்கும்போது, கீழே காலி வயலுக்கு நடுவில் அங்கங்கே மூங்கில் புதர் தெரிஞ்சது. மூங்கில் தோட்டமான்னு சும்மா கேட்டேன்.

நாங்க ரெண்டு பேர்தான் பின்னால் நடந்தோம். மைக் அவங்க கழுத்தில் அணைந்து கிடந்தது. "இங்கே வயலுக்கு நடுவில் மூங்கில் பார்த்தால், அங்கே ஒரு வீடு இருந்ததுன்னு அர்த்தம்"னு சொன்னாங்க. காத்துக்கும், கூடை முடையவும் வீட்டுக்குப் பின்னால் மூங்கில் வைப்பாங்களாம். வீடு போச்சு, மூங்கில் மட்டும் நின்னுடுச்சு. அந்த இடம் தரங்ஷி என்ற ஊர்.

இனி நான் திரும்பி வந்து படிச்சதையும் சேர்த்துச் சொல்றேன்.

1945-ல் ஜப்பான் தோத்ததும், 35 வருஷ ஆட்சி முடிஞ்சு கொரியா ரெண்டாகப் பிரிஞ்சது. வடக்கில் சோவியத் படை, தெற்கில் அமெரிக்க ராணுவ நிர்வாகம். ஜப்பானில் வேலைக்குப் போயிருந்த பல்லாயிரம் பேர் ஜெஜூவுக்குத் திரும்பினாங்க. வேலை இல்லை, விளைச்சல் இல்லை, 1946-ல் காலரா வேற. ஜப்பான்காரங்க காலத்தில் போலீசா இருந்தவங்களே இப்பவும் போலீஸ். 1947 மார்ச் 1, விடுதலைப் போராட்ட நினைவு நாள். ஜெஜூ நகரத்தில் குதிரைப் போலீஸ் ஒருத்தரின் குதிரை ஒரு குழந்தையை இடிச்சது. அவர் நிக்காமல் போக, கூட்டம் கல் எறிஞ்சது. போலீஸ் சுட்டதில் 6 பேர் செத்தாங்க. அதைக் கண்டித்து நடந்த வேலைநிறுத்தத்தில் அரசு ஊழியர்கள்கூட சேர்ந்தாங்க. சியோல் பக்கத்திலிருந்து வந்த பதில் வேற மாதிரி. இது சிவப்புத் தீவுன்னு முத்திரை குத்தி, வெளியூர்ப் போலீசையும், வடக்கிலிருந்து தப்பி வந்த கம்யூனிச எதிர்ப்பு இளைஞர் படையையும் அனுப்பினாங்க. கைது, சித்திரவதை.

1948 ஏப்ரல் 3, விடியறதுக்கு முன்னாடி ஓரும்களின் மேல தீ தெரிஞ்சது. அதுதான் சிக்னல். சுமார் 350 பேர் கொண்ட இடதுசாரி ஆயுதக் குழு 12 போலீஸ் ஸ்டேஷன்களைத் தாக்கியது. தெற்கில் மட்டும் தனியா நடக்க இருந்த மே 10 தேர்தலை எதிர்த்து. கொரியாவில் இதை 'சா-சாம்'னு சொல்றாங்க. நாலு-மூணு. நாலாம் மாதம், மூணாம் தேதி.

அக்டோபர் 17-ல் ராணுவம் ஓர் அறிவிப்பு போட்டது: கடற்கரையிலிருந்து 5 கிலோமீட்டருக்கு மேல் உள்ளே யார் நடமாடினாலும் கலகக்காரராகக் கருதிச் சுடப்படுவார். இப்போ அந்தத் தீவோட அளவை நினைச்சுப் பாருங்க. வடக்கு தெற்கா 31 கிலோமீட்டர். கரையோரப் பட்டையை விட்டால் மிச்சம் முழுக்க தடை. மலைப் பக்கத்து ஊர்க்காரங்களுக்கு அவங்க சொந்த வீட்டில் இருப்பதே குற்றம். மாடு, குதிரை, அறுக்காத தினை எல்லாத்தையும் விட்டுட்டு எங்கே போவாங்க? நவம்பரில் ராணுவச் சட்டம் வந்து, அந்த ஊர்களைக் கொளுத்தினாங்க. பல ஊர்கள் திரும்பக் கட்டப்படவே இல்லை. 'தொலைந்த ஊர்கள்'னு அதுக்கு அங்கே தனிப் பேரே இருக்கு. தரங்ஷி அதுல ஒண்ணு.

தப்பினவங்க ஒளிஞ்சது எரிமலைக் குழம்பு ஓடின குகைகளில். தரங்ஷிக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் குகை, தவழ்ந்துதான் உள்ளே போக முடியும். 1948 டிசம்பர் 18, படையினர் வாசலில் தீ மூட்டி உள்ளே புகை விட்டாங்க. 1992-ல் அந்தக் குகையில் 11 பேரின் எலும்புகள் கிடைச்ச செய்தி வெளியே வந்தது. மூணு பேர் பொண்ணுங்க, ஒரு குழந்தைக்கு 9 வயசு. பக்கத்தில் சோத்துப் பானை, பாத்திரம். குடும்பம் நடத்த எடுத்துட்டுப் போனவங்க. கிடைச்ச எலும்புகளைப் புதைக்க இடம் தரலை. அதே வருஷம் மே மாதம் எரிச்சு, சாம்பலைக் கடலில் கரைச்சாங்க. குகை வாசலை மூடிட்டாங்க.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு சொங்சான் இல்சுல்போங். ஜெஜூ போஸ்டர் எதை எடுத்தாலும் இதுதான் இருக்கும். கடலில் கிரீடம் வச்ச மாதிரி ஒரு மலை. சுமார் 5,000 வருஷத்துக்கு முன்னாடி ஆழம் குறைஞ்ச கடலில் எரிமலைக் குழம்பும் தண்ணியும் மோதி வெடிச்சு, சாம்பல் குவிஞ்சு எழுந்தது. முதல்ல தனித் தீவா இருந்தது. அலை கொண்டுவந்த மணலும் சரளையும் சேர்ந்து கழுத்து மாதிரி ஒரு நிலத்துண்டு உருவாகி ஜெஜூவோட ஒட்டிக்கிச்சு. அந்தக் கழுத்துக்குப் பேர் தொஜின்மோக். நல்ல கருமணல் கடற்கரை, பின்னணியில் மலை. செல்ஃபிக்கு அருமையான இடம்.

சொங்சான் பள்ளிக்கூடத்தில் அந்த இளைஞர் படை முகாம் போட்டிருந்தது. சுத்துப்பட்டு ஊர்க்காரங்களைப் பிடிச்சு வச்சு விசாரிச்சு, தொஜின்மோக் மணலில் கொண்டுவந்து சுட்டாங்க. நூற்றுக்கணக்கானவங்க. அங்கே இப்போ ஒரு நினைவிடம் இருக்கு. பிரெஞ்சு எழுத்தாளர் லெ கிளேசியோ இந்தக் கடற்கரையைப் பத்தி எழுதினதைக் கல்லில் செதுக்கி வச்சிருக்காங்க. எங்க வேன் அதைத் தாண்டிப் போச்சு. நான் முன் சீட்டிலிருந்து கெய்டைப் பார்த்தேன். அவங்க தலையை மட்டும் அசைச்சாங்க. மைக்கில் சூரிய உதயம் பத்திச் சொல்லிட்டு இருந்தாங்க.

மலையடியில் ஹேனியோக்கள், அதாவது மூச்சடக்கி மூழ்கும் பெண்கள், கடலில் இறங்கிக் காட்டினாங்க. எல்லாருமே பாட்டிகள். ஆக்சிஜன் கிடையாது. ஒரு நிமிஷம், சில சமயம் ரெண்டு நிமிஷம் உள்ளே இருந்து மேலே வரும்போது விசில் மாதிரி ஒரு சத்தம் வரும். அடக்கின மூச்சை விடுற சத்தம் அது. 1970 வாக்கில் 14,000 பேர் இருந்தாங்க, இப்போ 3,000-க்கும் கீழே. 1932-ல் இவங்களோட முன்னோர்தான், விலையில் ஏமாத்தின ஜப்பானிய நிர்வாகச் சங்கத்தை எதிர்த்து, கடலுக்குக் கொண்டுபோற கருவிகளோட செஹ்வா சந்தைக்கு ஊர்வலம் போனவங்க. இதை கெய்டு மைக்கிலேயே சொன்னாங்க, பெருமையா.

சா-சாமுக்குப் பிறகு ஊரைத் திரும்பக் கட்டினதும் பெரும்பாலும் பொண்ணுங்கதான். புக்சோன் என்ற கரையோர ஊரில் 1949 ஜனவரி 17-ல் மட்டும் 300-க்கும் மேற்பட்டவங்களைக் கொன்னாங்க. அந்த ஊருக்கு 'ஆம்பளை இல்லாத ஊர்'னு பேரே வந்துடுச்சு. காலையில் கேட்ட சொலவடையோட மிச்சப் பாதி இதுதான். உயிரோட இருந்தவங்களை வச்சே கரையோர ஊர்களைச் சுத்தி மதில் கட்ட வச்சாங்க. கல்லுக்கு எங்கே போறது? எரிஞ்ச வீட்டுச் சுவரையும் வயல் வரப்புச் சுவரையும் பிரிச்சுத்தான்.

ஒண்ணு சொல்லணும், ஏன்னா கேட்பீங்க. ஆயுதக் குழுவும் கொலை பண்ணியது, போலீஸ் குடும்பங்களை, ஒத்துழைக்காத ஊர்க்காரங்களை. 2003-ல் வந்த அரசு விசாரணை அறிக்கையில், பதிவான பலிகளில் சுமார் 78 சதவீதம் அரசுப் படைகளால், சுமார் 13 சதவீதம் ஆயுதக் குழுவால். மொத்தச் சாவு 25,000 முதல் 30,000 வரைன்னு மதிப்பீடு. தீவு மக்கள்தொகையில் பத்தில் ஒரு பங்கு. 1954 செப்டம்பரில்தான் ஹல்லாசான் மலைக்குப் போற தடை நீங்கினது.

அப்புறம் மௌனம். செத்தவரோட சொந்தக்காரர்னு தெரிஞ்சால் அரசு வேலை கிடையாது, பாஸ்போர்ட்டுக்கு இழுத்தடிப்பு. 1978-ல் ஹ்யோன் கி-யோங் என்ற எழுத்தாளர் புக்சோன் படுகொலையை வச்சு 'சுனி சம்சோன்' என்ற கதையை எழுதினார். அவரைப் பிடிச்சுட்டுப் போய்ச் சித்திரவதை பண்ணினாங்க, புத்தகத்துக்குத் தடை. சம்சோன்னா கொரிய மொழியில் மாமா, சித்தப்பா. ஆனால் ஜெஜூவில் ஊர்ப் பெரியவங்க யாரா இருந்தாலும், ஆணோ பெண்ணோ, அதே சொல்தான். அந்தக் கதையில் வர்ற சுனி ஒரு பெண். 2024-ல் நோபல் வாங்கின ஹான் காங்கின் 'வீ டூ நாட் பார்ட்' நாவலும் இதே சம்பவத்தைப் பத்தினதுதான். அதுக்குள்ள 2000-ல் தனிச் சட்டம் வந்து, 2003 அக்டோபரில் அதிபர் ரோ மூ-ஹ்யுன் நேரில் வந்து அரசு சார்பில் மன்னிப்பு கேட்டிருந்தார்.

திரும்பி வரும்போது வேனில் பாதிப் பேர் தூக்கம். கெய்டு என் பக்கத்தில் உட்கார்ந்து மெதுவா பேசினாங்க. அவங்க அம்மா ஊரில் குளிர்காலத்தில் ஒரே ராத்திரி எல்லா வீட்டிலும் திவசமாம். சின்ன வயசில் வீடு வீடாப் போய்ப் பலகாரம் சாப்பிட்டிருக்காங்க. பண்டிகைன்னு நினைச்சாங்களாம். எப்படி ஒரே நாளில் எல்லார் வீட்டிலும் சாவுன்னு கேட்டதுக்கு, அம்மா வாயைப் பொத்தினாங்க. ஏன் மைக்கில் இதைச் சொல்றதில்லைன்னு கேட்டேன். "கேட்கிறவங்களுக்குச் சொல்றேன். நீங்க கேட்டீங்க"ன்னாங்க.

அடுத்த நாள் அவங்க சொன்னபடி பஸ் பிடிச்சு 4.3 அமைதிப் பூங்காவுக்குப் போனேன். கண்காட்சியின் தொடக்கத்திலேயே ஒரு பெரிய வெள்ளைக் கல் படுத்துக் கிடக்கு. எழுத்தே இல்லை. இதைக் கலவரம்னு சொன்னாங்க, கிளர்ச்சின்னு சொன்னாங்க, எழுச்சி, படுகொலைன்னும் சொல்றாங்க. எதுன்னு இன்னும் முடிவாகலை, அதனால வெறும் தேதியே பேரா இருக்கு. சரியான பேர் கிடைக்கிற அன்னிக்குத்தான் கல்லில் எழுதி நிமிர்த்துவாங்களாம். மேலே கூரையில் வட்டமா ஒரு திறப்பு. நான் போன நேரம் வெளியே மழை. வெளிச்சம் மட்டும் நேரா அந்தக் கல் மேல விழுந்துட்டு இருந்தது.