இது யாருக்காகக் கட்டப்பட்டது? – ஜார்ஜ் டவுன் வீதிகளில் ஒரு நடை



எருசலேமின் அலங்கம் இடிந்து கிடக்கிறதென்று கேள்விப்பட்டு அங்கே வந்து சேர்ந்த நெகேமியா, உடனே மக்களைக் கூட்டிப் பேசவில்லை. மூன்று நாள் பொறுத்திருந்தார். பின்பு ஓர் இரவில் சிலரை மாத்திரம் அழைத்துக்கொண்டு புறப்பட்டு, வாசல் வாசலாக, இடிபாடு இடிபாடாக நகரத்தைச் சுற்றிப் பார்த்தார். அவர் ஏறிச்சென்ற மிருகம் கடந்துபோக இடமில்லாத பகுதிகளும் இருந்தன. அதற்குப் பிறகே, எழும்பிக் கட்டுவோம் என்று அவர் மக்களை அழைத்தார். நாற்பத்தெட்டாம் சங்கீதமும் சீயோனைச் சுற்றி வரவும், அதன் கோபுரங்களை எண்ணிப் பார்க்கவும், கண்டதைப் பின்வரும் தலைமுறைக்குச் சொல்லவும் நம்மை ஏவுகிறது. ஒரு நகரத்தை நடந்து பார்ப்பது பொழுதுபோக்கு மாத்திரம் அல்ல என்று வேதம் நமக்குக் காட்டுகிறது.

இந்த வாரம் உங்களைச் சென்னையின் ஜார்ஜ் டவுனுக்கு அழைக்கிறேன். திருமண அழைப்பிதழ் அச்சிடவும், துணி எடுக்கவும், பாத்திரம் வாங்கவும் நீங்கள் பலமுறை போயிருக்கக்கூடிய இடந்தான். வரலாறு அறிந்த ஒரு வழிகாட்டியுடன் பத்துப் பதினைந்து பேர் சேர்ந்து செல்லும் மரபு நடைகள் அங்கே அவ்வப்போது நடைபெறுகின்றன. கடைகள் திறப்பதற்கு முன், விடுமுறை நாளின் அதிகாலையில் அந்த வீதிகள் அகன்று தெரியும். கட்டடங்களின் மேல்மாடிகளை அண்ணாந்து பார்க்கலாம். ஆனால் போகிறவர்கள் ஒரு கேள்வியை உடன் கொண்டு செல்லுங்கள். ஒவ்வொரு கட்டடத்தின் முன்பும் நின்று, இது யாருக்காகக் கட்டப்பட்டது என்று கேளுங்கள்.

நடையைப் பாரிமுனையில் தொடங்குவோம். அங்குள்ள டேர் ஹவுஸ் கட்டடத்தை ஒட்டி ஒரு சிறிய தூண் நிற்கிறது. பேருந்துக்கு விரைகிறவர் யாரும் அதைத் திரும்பிப் பார்ப்பதில்லை. 1639-ஆம் ஆண்டில் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனி இக்கடற்கரையில் இடம் பெற்றுக் கோட்டை கட்டத் தொடங்கியபோது, நெசவாளரும் துணிக்குச் சாயம் தோய்ப்பவரும் வணிகரும் அதன் வடபுறத்தில் குடியேறினார்கள். ஆங்கிலேயர் தாங்கள் வாழ்ந்த பகுதியை வெள்ளையர் பட்டணம் என்றும், இவர்கள் வாழ்ந்த பகுதியைக் கருப்பர் பட்டணம் என்றும் அழைத்தார்கள். கோட்டையின் செல்வம் முழுவதும் இவர்களுடைய கைத்தொழிலால் வந்தது.

1746-இல் பிரெஞ்சுக்காரர்கள் சென்னையைக் கைப்பற்றினார்கள். 1749-இல் அது ஆங்கிலேயரிடம் திரும்பி வந்தது. கோட்டைச் சுவரை ஒட்டி வீடுகள் இருந்தால் பகைவர் அவற்றில் மறைந்து தாக்கலாம் என்பது இந்தப் போரில் இரு தரப்பாரும் கண்ட உண்மை. ஆகவே கருப்பர் பட்டணத்தின் ஒரு பகுதியைப் பிரெஞ்சுக்காரர்கள் இடித்தார்கள். மீதியை ஆங்கிலேயர் இடித்து முடித்தார்கள். பீரங்கிக் குண்டு தடையின்றிச் செல்வதற்காக, மக்கள் குடியிருந்த நிலம் வெட்டவெளி ஆயிற்று. இந்த எல்லைக்குள் இனி யாரும் கட்டக்கூடாது என்று அறிவிப்பதற்கு 1773-இல் நாட்டப்பட்ட தூண்களுள் எஞ்சியிருப்பதே நாம் காணும் தூண். எதிர்ப்புறம் சிவந்து நிற்கும் உயர் நீதிமன்றம் 1892-இல் திறக்கப்பட்டது. அது எழும்பிய நிலத்தின் அடியில் ஒரு பழைய ஊர் இருக்கிறது.

அந்த ஊரோடு சென்னகேசவப் பெருமாள் கோயிலும் அகற்றப்பட்டது. பின்னர் தேவராஜ முதலி தெருவருகே பெருமாளுக்கும் மல்லீசுவரருக்கும் அடுத்தடுத்து இரண்டு கோயில்கள் எழும்பின. மணலி முத்துக்கிருஷ்ண முதலியார் அதற்குப் பொருளுதவி செய்தார். நம் அயலகத்தாரின் வழிபாட்டிடம் பீரங்கிக்கு வழிவிடும்படி இடிக்கப்பட்டது என்ற செய்தியைக் கிறிஸ்தவர்களாகிய நாம் கடந்துபோகலாகாது. இடித்தவர்கள் கோட்டைக்குள் இருந்த தூய மரியாள் ஆலயத்தில் ஞாயிறுதோறும் தொழுதவர்கள். 1680-இல் பிரதிஷ்டை செய்யப்பட்ட அந்த ஆலயம் இன்றும் கம்பீரமாக நிற்கிறது. அழகிய ஆலயம் ஒன்றைக் காக்கிறவர்கள் எல்லாரும் அயலானின் வீட்டையும் காப்பார்கள் என்பது நிச்சயமில்லை.

இனி நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் சாலை வழியாக மேற்கே சிறிது தூரம் நடந்து ஆர்மீனியன் தெருவுக்குள் நுழைவோம். அயல்நாட்டுப் பெயர் தமிழ் நாவில் திரிந்து, மக்கள் இதனை அரண்மனைக்காரன் தெரு என்றார்கள். இங்கே அரண்மனை எதுவும் இருந்ததில்லை. பாரசீகத்தின் ஜூல்பா முதலிய இடங்களிலிருந்து வணிகத்துக்காக வந்த ஆர்மீனியக் கிறிஸ்தவர்கள் வாழ்ந்தார்கள். அவர்களுடைய முதல் ஆலயம் 1712-இல் கட்டப்பட்டது. இன்று நாம் காண்பது 1772-இல் எழுந்தது. மரக்கதவைத் தாண்டி உள்ளே சென்றால் தெருவின் இரைச்சல் அடங்கிவிடும். முற்றத்திலும் நடைபாதையிலும் கல்லறைக் கற்கள் பதிக்கப்பட்டிருக்கின்றன. ஏறத்தாழ 350 ஆர்மீனியர்கள் இங்கே துயில்கிறார்கள். மணிக்கூண்டில் ஆறு மணிகள் இருக்கின்றன. பத்தொன்பது வயதில் இறந்துபோன ஓர் இளைஞனின் நினைவைத் தாங்கிய மணியும், தமிழ் எழுத்துப் பொறித்த மணியும் அவற்றுள் உண்டு.

இங்கே அடக்கம்பண்ணப்பட்டவர்களில் ஒருவர் ஹாருத்யூன் ஷ்மாவோன்யான் என்னும் குருவானவர். ஒரே வாரத்துக்குள் தம் இரண்டு மகன்களையும் பறிகொடுத்தவர். அந்தத் துயரத்தோடு சில ஆண்டுகள் ஒதுங்கி வாழ்ந்தபின், 1784-இல் சென்னைக்கு ஊழியம் செய்ய வந்தார். இங்கே ஓர் அச்சகம் நிறுவி, 1794-இல் 'அஸ்தரார்' என்னும் இதழைத் தொடங்கினார். உலகில் ஆர்மீனிய மொழியில் வெளிவந்த முதல் இதழ் அதுதான். பதினெட்டு இதழ்களோடு நின்றுபோனாலும், சிதறிக்கிடந்த தம் இனத்தாரைச் சொல்லால் சேர்த்துவைக்க முயன்ற பணி அது. தம் வீட்டில் பிள்ளைகளின் குரல் அடங்கிப்போனவர், ஒரு மக்கள் கூட்டத்துக்கே குரல் கொடுத்தார்.

அதே சமுதாயத்தைச் சேர்ந்த வணிகர் கோஜா பெத்ரூஸ் உஸ்கான், பரங்கிமலைக்கு ஏறும் படிக்கட்டுகளையும், சைதாப்பேட்டையில் அடையாற்றின் குறுக்கே ஒரு பாலத்தையும் தம் சொந்தப் பணத்தில் கட்டினார். அந்தப் பாலத்தின் இடத்தில் இன்று மறைமலை அடிகள் பாலம் இருக்கிறது. பழைய பாலத்தின் கல்வெட்டு அருகே நிற்கிறது. பாலத்தைக் கடந்தவர்களில் ஆர்மீனியர் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்? தலைச்சுமையோடு வந்த பெண்களும், மாட்டு வண்டிக்காரர்களும், மலைக்குச் சென்ற யாத்திரிகர்களுமே மிகுதி. இது யாருக்காகக் கட்டப்பட்டது என்ற நம் கேள்விக்கு இந்த நடையில் கிடைக்கும் தெளிவான பதில், இந்தத் தெருவுக்கு வெகு தொலைவில், ஓர் ஆற்றங்கரையில் இருக்கிறது.

இன்று சென்னையில் ஆர்மீனியச் சபை இல்லை. கொல்கத்தாவிலுள்ள ஆர்மீனியர்கள் இந்த ஆலயத்தைப் பராமரிக்கிறார்கள். ஞாயிறு காலையில் மணிகள் ஒலிக்கின்றன. அந்த ஓசைக்கு எழுந்து வர ஆர்மீனியக் குடும்பங்கள் இல்லை. அதே தெருவில் சற்றுத் தள்ளி, கத்தோலிக்கரின் தூய மரியாள் இணைப் பேராலயம் இருக்கிறது. அங்கே செவ்வாய்க்கிழமைகளில் அந்தோணியாரை நாடி, எல்லாச் சமயத்தாரும் நெருக்கியடித்து வருகிறார்கள். ஒரே தெருவில் மௌனமான ஓர் ஆலயமும் நிரம்பி வழியும் ஓர் ஆலயமும் இருப்பதை, அவசரமாகத் தீர்ப்புச் சொல்லாமல் சற்று நின்று பாருங்கள்.

இந்தத் தெருவுக்கு மேற்கே பிராட்வே. இன்று பிரகாசம் சாலை என்று பெயர். ஒரு காலத்தில் அது சாலையாக இருக்கவில்லை. முத்தியால்பேட்டைக்கும் பெத்தநாயக்கன்பேட்டைக்கும் இடையே ஓடிய பள்ளம். ஸ்டீபன் பாப்பம் என்ற ஆங்கிலேய வழக்கறிஞர் பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் அதனைத் தூர்த்துச் சாலையாக்கினார். இந்த இரு பேட்டைகளுக்கும் இடையே மண்ணில் இருந்த பள்ளத்தைவிட ஆழமான பள்ளம் மனிதருக்குள் இருந்தது. வலங்கைச் சாதியார், இடங்கைச் சாதியார் என்ற பிரிவினை 1707-இல் பெருங்கலகமாக மூண்டு, எந்தத் தெரு யாருக்கு என்று பங்கிடும் அளவுக்குப் போயிற்று. வெள்ளையரால் வெளியே நிறுத்தப்பட்டவர்கள் தங்களுக்குள் ஒருவரையொருவர் வெளியே நிறுத்தினார்கள்.

இதை மனத்தில் கொண்டு ஆர்மீனியன் தெருவை மீண்டும் நினைத்துப் பாருங்கள். 1837-இல் ஸ்காத்லாந்திலிருந்து வந்த ஜான் ஆண்டர்சன் என்னும் மிஷனரி அந்தத் தெருவில் ஒரு வாடகை வீட்டில் பள்ளிக்கூடம் நடத்தத் தொடங்கினார். பிற்காலத்தில் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியாக வளர்ந்து, 1937-இல் தாம்பரத்துக்கு இடம்பெயர்ந்தது இந்தப் பள்ளிதான். தொடங்கிய மறு ஆண்டே அதற்குச் சோதனை வந்தது. தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்ட சமூகத்துச் சிறுவர்கள் அங்கே படிக்கிறார்கள் என்று தெரிந்தபோது, அவர்களை நீக்கவேண்டும் என்று மற்ற மாணவர்களின் வீட்டார் வற்புறுத்தினார்கள். ஆண்டர்சன் இணங்கவில்லை. பல மாணவர்கள் வெளியேறினார்கள். இளம் பள்ளிக்கு அது பெரிய இழப்பு. ஆனாலும் அந்தச் சிறுவர்கள் உட்கார்ந்திருந்த பலகை எடுக்கப்படவில்லை. அந்தச் சிறுவர்களுக்கு இடம் இல்லையென்றால், பள்ளி யாருக்கு என்ற கேள்விக்குக் கோட்டை சொன்ன பதிலையே அதுவும் சொல்லியிருக்கும்.

நடையின் கடைப்பகுதி வடமேற்கே செல்கிறது. ஏழு கிணறு என்ற பெயரை நீங்கள் பேருந்துப் பலகைகளில் கண்டிருப்பீர்கள். 1772-இல் கோட்டைக்குக் குடிநீர் கொண்டுசெல்லக் கேப்டன் பேக்கர் என்பவரின் திட்டத்தால் அந்தக் கிணறுகள் தோண்டப்பட்டன. எந்த மக்களைச் சுவருக்கு வெளியே நிறுத்தினார்களோ, அவர்கள் வாழ்ந்த மண்ணின் தண்ணீரைக் கோட்டையார் குடித்தார்கள். இன்னும் மேற்கே வால்டாக்ஸ் சாலை. புதிய பட்டணத்தைச் சுற்றி எழுப்பிய மதிலின் செலவை மக்களிடமே வரியாக வசூலிக்கக் கம்பெனி எண்ணியது. வரி வசூலாகவில்லை, பெயர் மாத்திரம் நிலைத்தது. மதிலில் ஒரு துண்டு பழைய வண்ணாரப்பேட்டை மாடிப் பூங்காவில் மிஞ்சியிருக்கிறது. 1911-இல் கருப்பர் பட்டணம் என்ற பெயரும் நீங்கி, அரசரின் பெயரால் இப்பகுதி ஜார்ஜ் டவுன் ஆயிற்று. பெயர் மாறிய அன்று யாருடைய தெருவும் விரிவடைந்துவிடவில்லை.

பிரியமானவர்களே, சுவர் எல்லாம் விழும், அன்பின் கிரியை மாத்திரம் நிற்கும் என்று எளிதாகச் சொல்லி முடிக்க இந்த நடை இடம் தரவில்லை. கோட்டை இன்றும் நிற்கிறது. உஸ்கானின் பாலம் நிற்கவில்லை. ஒன்று நின்றது, ஒன்று விழுந்தது என்பதை வைத்து ஆண்டவர் எதில் பிரியப்பட்டார் என்று நாம் கணக்கிட முடியாது. நாம் கேட்கக்கூடியது ஒன்றுதான்: கட்டினவர்கள் யாரை மனத்தில் வைத்துக் கட்டினார்கள்?

இந்தக் கேள்வியை நம் வாசலுக்கும் கொண்டுவர வேண்டும். தமிழகத்தில் சில கல்லறைத் தோட்டங்களில் இன்றும் சாதிக்கொரு பகுதி இருக்கிறது. உயிர்த்தெழுதலை அறிக்கையிடுகிற நாம், அடக்கம்பண்ணும் குழியிலும் வலங்கை இடங்கை பார்க்கிறோம் என்றால், ஜார்ஜ் டவுனின் பள்ளம் நமக்குள் இன்னும் தூர்க்கப்படவில்லை. புதிய மண்டபம் கட்டவும், சுற்றுச்சுவரை உயர்த்தவும் சபைக்குழுக்களில் தீர்மானம் வரும்போது, எத்தனை இலட்சம் என்று கேட்குமுன் யாருக்காக என்று ஒருவர் எழுந்து கேட்கட்டும். தெருவில் தண்ணீர் கேட்கிறவருக்கு நம் வளாகத்தில் ஒரு குழாய் உண்டா? கட்டணம் செலுத்த முடியாத பிள்ளைக்கு நம் பள்ளியில் பலகை உண்டா?

வாய்ப்புள்ளவர்கள் பிள்ளைகளையும் முதியோரையும் கூட்டிக்கொண்டு ஒரு காலை அங்கே நடந்துவாருங்கள். தண்ணீர்ப் புட்டியும் தொப்பியும் மறக்கவேண்டாம். திரும்பி வந்தபின், நம் ஆலயத்தையும் அதே கண்களால் ஒருமுறை சுற்றிப் பாருங்கள். நெகேமியாவைப்போல, முதலில் பார்ப்போம், பின்பு பேசுவோம், அதன்பின் கட்டுவோம்.

கட்டுகிற எங்கள் கைகளைக் கர்த்தர் காத்து, எங்கள் வாசல்களை அயலானுக்குத் திறந்து வைப்பாராக. ஆமென்.