சலவைக்காரரின் கூலி: கூபாவில் சட்டம் கற்பித்த முறை

ஒருவர் தமது ஆடையை வெளுக்கக் கொடுக்கிறார். சில நாள் கழித்து அதைக் கேட்கப் போனபோது, அப்படி எதையும் தாம் வாங்கவில்லை என்று சலவைக்காரர் மறுத்துவிடுகிறார். பின்னர் மனம் மாறி, அதே ஆடையை வெளுத்த நிலையில் திருப்பிக் கொடுக்கிறார். அவருக்குக் கூலி கொடுக்க வேண்டுமா?

ஹிஜ்ரி இரண்டாம் நூற்றாண்டில் கூபா நகரில் எழுப்பப்பட்ட கேள்வி இது. ஆளனுப்பிக் கேட்கச் செய்தவர் இமாம் அபூஹனீபா (ரஹ்). கேட்கப்பட்டவர் அவருடைய மாணவர் அபூயூஸுப். கற்க வேண்டியதையெல்லாம் கற்றுவிட்டோம் என்றெண்ணி, அவர் தனியே ஒரு பாடவட்டத்தைத் தொடங்கியிருந்தார். "கூலி உண்டு" என்றார் அபூயூஸுப். வந்தவர் "தவறு" என்றார். சற்று யோசித்து "கூலி இல்லை" என்றார். அதுவும் தவறு என்றே பதில் வந்தது. அவர் எழுந்து நேரே ஆசிரியரிடம் சென்றார்.

ஆசிரியரின் விளக்கம் சுருக்கமானது. மறுப்பதற்கு முன்னரே வெளுத்திருந்தால், சலவைக்காரர் ஆடைக்குரியவருக்காக வெளுத்தார்; கூலி உண்டு. மறுத்த பின்னர் வெளுத்திருந்தால், அபகரித்த ஆடையைத் தமக்காக வெளுத்தார்; கூலி இல்லை.

பழைய வரலாற்று நூல்கள் சுவைபடச் சொல்லும் இச்சம்பவத்தை, கர்வம் கொண்ட மாணவருக்குக் கிடைத்த பாடமாகவே நாம் பெரும்பாலும் கேட்டிருக்கிறோம். சட்டக் கல்வியின் சாரமும் இதற்குள் இருக்கிறது. அபூயூஸுபுக்குக் கூலி பற்றிய விதி தெரியும். அபகரிப்புப் பற்றிய விதியும் தெரியும். "எப்போது வெளுத்தார்?" என்று திருப்பிக் கேட்கத்தான் அவருக்குத் தோன்றவில்லை. விதியை அறிவது ஒன்று. எந்த விதி எங்கே பொருந்தும் என்பதைக் கண்டறிவது வேறொன்று.

இப்பாடத்தை அபூஹனீபாவும் தம் இளமையில் படித்தவரே. அவருடைய ஆசிரியர் ஹம்மாத் இப்னு அபீ ஸுலைமான் ஒருமுறை பஸராவுக்குப் பயணமானார். இரண்டு மாதங்கள் அவருடைய இடத்தில் அமர்ந்து அபூஹனீபா பதில் கூறினார். அதுவரை தாம் கேட்டிராத அறுபது வினாக்கள் வந்தன. விடைகளை எழுதிவைத்து, ஆசிரியர் திரும்பியதும் காட்டினார். நாற்பதை ஏற்ற ஹம்மாத், இருபதில் மாறுபட்டார். ஹம்மாத் மரணிக்கும்வரை அவரைப் பிரிவதில்லை என்று அன்று உறுதிகொண்ட அபூஹனீபா, பதினெட்டு ஆண்டுகள் அவரிடம் பயின்றதாகச் சொல்லப்படுகிறது. ஹிஜ்ரி 120இல் (கி.பி. 738) ஹம்மாத் காலமான பின்னரே அந்த ஆசனம் அவருக்கு வந்தது.

பட்டு வணிகரான அபூஹனீபா, சந்தையை அறிந்தவர். வாங்குவோர், விற்போர், கடன்பட்டோர், ஏமாற்றப்பட்டோர் ஆகியோரின் சிக்கல்கள் அவருடைய வட்டத்துக்குள் நேரடியாக வந்தன. பிரச்சினை முன்வைக்கப்படும், மாணவர்கள் ஒவ்வொருவராகத் தம் கருத்தைச் சொல்லி வாதிடுவர். சில வேளைகளில் விவாதம் நாட்கணக்கில் நீளும். அது தெளிந்த பின்னரே முடிவு எழுதப்படும். வறிய மாணவரான அபூயூஸுப் படிப்பை விட்டுவிடாதிருக்க, ஆசிரியரே பொருளுதவியும் செய்துவந்தார்.

நிகழாதவற்றையும் இவ்வட்டம் விவாதித்தது. நீண்ட காலம் காணாமற்போன கணவன் இறந்துவிட்டதாகக் கருதி மனைவி மறுமணம் செய்கிறாள். பின்னர் அவன் திரும்பி வருகிறான். என்ன செய்வது? கூபாவுக்கு வந்த பஸராவின் அறிஞர் கதாதாவிடம் அபூஹனீபா இதைக் கேட்டபோது, இது நடந்ததா என்று அவர் வினவினார். இல்லை என்றதும், நடக்காததை ஏன் கேட்கிறீர் என்று கடிந்துகொண்டார். துன்பம் வருமுன்னரே அதற்கு ஆயத்தமாகிறோம் என்பது அபூஹனீபாவின் விடை. யுத்தமும் 2004ஆம் ஆண்டின் கடற்கோளும் "காணாமற்போனவர்" என்ற சொல்லை எத்தனையோ வீடுகளில் விட்டுச்சென்ற நம் நாட்டில், இக்கேள்வியை வீண் கற்பனை என்று எவர் சொல்வார்?

இம்முறையின் பெறுபேறு, ஆசிரியரையே மறுக்கத் துணிந்த மாணவர்கள். வக்பு செய்தவர், காதி தீர்ப்பளிக்காதவரை அதைத் திரும்பப் பெறலாம் என்பது அபூஹனீபாவின் கருத்து. அவருடைய மாணவர்களான அபூயூஸுபும் முஹம்மத் அஷ்ஷைபானியும் அதை ஏற்கவில்லை. வக்பு கட்டுப்படுத்தும் என்றனர். மதீனாவில் நபித்தோழர்களின் வக்புகளைக் கண்ட பின்னரே அபூயூஸுப் இம்முடிவுக்கு வந்தார் என்பர். ஹனபி மத்ஹபில் நிலைபெற்றது மாணவர்களின் கருத்தே. ஆயினும் மத்ஹபின் நூல்கள் மூவரின் கருத்துகளையும் அருகருகே பதிந்துள்ளன. ஆசிரியரை மறுத்தவர் அவருடைய மத்ஹபைவிட்டு வெளியேற்றப்படவில்லை.

இந்த வழி நம்மையும் வந்தடைகிறது. ஷைபானி மதீனா சென்று இமாம் மாலிக்கிடம் முவத்தாவைக் கேட்டார். மாலிக்கின் மாணவரான இமாம் ஷாபிஈ, பின்னர் பக்தாதில் ஷைபானியிடம் பயின்றார்; அவருடன் வாதிட்டார்; இருவரிடமிருந்தும் மாறுபட்டார். எகிப்துக்குச் சென்ற பின் தம்முடைய பழைய கருத்துகள் பலவற்றையும் மாற்றினார். இலங்கை முஸ்லிம்களில் பெரும்பாலோர் பின்பற்றும் மத்ஹப் இவ்வாறு உருவானதே.

இன்று நம் அரபு மத்ரஸாக்களில் பிக்ஹு நூல்களின் முடிவுகள் மனனமாகின்றன. அம்முடிவுகளைப் பெற்றெடுத்த வாதங்கள் போதிய கவனம் பெறுவதில்லை. சட்டக் கல்லூரி செல்லும் நம் பிள்ளைகளிலும், பரீட்சைக் குறிப்புகளோடு நின்றுவிடுவோர் உளர். மனனத்தை இகழ்வதற்கில்லை. விதி நினைவில் இல்லாதவன் எதைக் கொண்டு சிந்திப்பான்? ஆனால் காதி நீதிமன்றத்தின் முன்னே தாபரிப்புப் பணத்துக்காகக் காத்திருக்கும் ஒரு பெண்ணின் வழக்கு, பாடநூலில் உள்ளவாறே வந்து நிற்பதில்லை.

ஆதலால் ஆசிரியர்கள் ஒரு நாள் பாடத்தையேனும் அந்தச் சலவைக்காரரின் கேள்வியோடு தொடங்கிப் பார்க்கலாம். உண்டு என்று சிலர் சொல்வர். இல்லை என்று சிலர் சொல்வர். வகுப்பின் ஏதோவொரு மூலையிலிருந்து, "அவர் எப்போது வெளுத்தார், உஸ்தாத்?" என்று ஒரு குரல் வரும்வரை விடையைச் சொல்லாதிருக்க வேண்டும்.